நாடகத் தமிழும் பம்மல் சம்பந்தனாரும்

இயல், இசை, நாடகம் எனத் தமிழை மூன்றாக வகுத்து வழங்குதல் தொன்றுதொட்டு வரும் மரபாகும். முத்தமிழ் என்னுஞ் சொல்லை நாம் மேடைதோறும் பெருமிதத்தோடு கூறுகின்றோம். ஆயினும், தமிழைச் சிறப்புப் பாடமாகக் கொண்டு கற்கும் நம்மனோர் நாள்தோறும் ஓதுவது யாது? இலக்கணமும் இலக்கியமுமாகிய இயற்றமிழே. இசைத் தமிழைப் போற்றுதற்கு மன்றங்கள் சில உள. நாடகத் தமிழோ எனின், அது நமக்குப் பெரும்பாலும் ஒரு வினாத்தாளில் இரண்டு வரியில் விடையெழுதி முடிக்குஞ் செய்தியாகவே நின்றுவிடுகின்றது. மூன்று கால்களையுடைய முக்காலியில் ஒரு காலை ஒடித்துவிட்டு அதன்மீது அமர விரும்புவான் உளனோ? இக் குறையை முதலில் உணர்ந்து, அதனை நீக்குதற்குத் தம் வாழ்நாளையே செலவிட்டவர் பம்மல் சம்பந்த முதலியார் ஆவர். நடிகராயும், நாடகாசிரியராயும், பிற்காலத்திற் பேசும்படத்திற் பங்குகொண்டவராயும் விளங்கிய அப்பெரியாரது வாழ்வை ஆராய்ந்து, அதனால் மாணவராகிய நாம் பெறற்பாலதாய பயன் இன்னதெனக் காட்டுதலே இக்கட்டுரையின் நோக்கம்.

கூத்தாடி என்னுஞ் சொல்

சம்பந்தனாரது பெருமையை அறிதற்கு முன்னர், அவர் எதிர்த்து நின்ற இழிவு யாதென அறிதல் வேண்டும். காஞ்சிக்கும் உத்திரமேரூருக்கும் இடையே, செய்யாற்றங் கரையில் உள்ளது மாகறல். திருஞானசம்பந்தரது பதிகம் பெற்ற பழம்பதி அது. அவ்வூரைச் சூழ்ந்த தொண்டைநாட்டுச் சிற்றூர்களில் தெருக்கூத்து வழிவழியாக நடைபெற்று வந்துளது. அறுவடை முடிந்த வேனிற் காலத்தில், திரௌபதியம்மன் கோயில்களில் பகலிற் பாரதம் படிக்கப்படும். இரவிற் கூத்து ஆடப்படும். கட்டையாற் செய்த முடியும் தோளணியும் பூண்டு, முகத்தில் வண்ணந்தீட்டி, மத்தளமும் முகவீணையும் ஒலிக்க, ஒருவன் கர்ணனாகத் தோன்றி விடியுமளவும் பாடி ஆடுவான். கட்டியங்காரன் இடையிடையே புகுந்து நகை விளைப்பான். கர்ணன் வீழுங்கால் ஊரார் அனைவரும் கண்ணீர் உகுப்பர்.

ஆனால், பொழுது புலர்ந்து வண்ணத்தைக் கழுவிய பின்னர் அவன் யாவன்? வெறுங் கூத்தாடி. இரவில் அவனைக் கண்டு கைகூப்பிய மக்களே பகலில் அவனுக்குத் திண்ணையில் இடந்தாரார். ஒருவனை வைதற்கும் அச் சொல்லையே எடுத்து வழங்குவர். தாம் விரும்பிச் சுவைக்கும் கலையைத் தருபவனைத் தாமே இகழும் இம்முரண்பாடு நம் நாட்டில் நெடுங்காலம் நிலவியது. இன்றும் முற்றும் ஒழிந்ததெனக் கூறல் இயலாது. கலையைப் போற்றிக் கலைஞனை இகழும் நாட்டில் அக்கலை எங்ஙனம் வளரும்? கற்றவர் அதனை அணுகார்; கல்லாதார் தம்மால் இயன்றவாறு அதனைக் காத்து வருவர். நாடகத்திற்கு நேர்ந்த கதி இதுவே.

பண்டைநிலை

பண்டைக்காலத்தில் இந்நிலை இல்லை. சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதையை நாம் கற்றுளோம். எழுகோல் அகலமும், எண்கோல் நீளமும், ஒருகோல் உயரமும் உடையதாய், புகுதற்கும் போதற்கும் இரு வாயில்கள் அமைந்ததாய், மூவகை எழினியும், தூணிழல் அவையின்மீது விழாதவாறு நிறுத்திய விளக்கும் உடையதாய் நாடக அரங்கு அமைக்கப்பட்ட முறையை இளங்கோவடிகள் விரித்துரைக்கின்றார். அரங்கின் அளவை அறுதியிட்டு உரைக்கும் ஒரு நாட்டில், நடிப்போர்க்கும் ஒரு மதிப்பு இருந்திருத்தல் வேண்டும் என்பது வெளிப்படை.

காஞ்சியில் அரசு வீற்றிருந்த பல்லவன் முதலாம் மகேந்திரவர்மன், ஏழாம் நூற்றாண்டில், அக்காஞ்சி நகரையே களமாகக் கொண்டு மத்தவிலாசம் என்னும் நகைச்சுவை நாடகத்தை வடமொழியில் இயற்றினான். முடியுடை வேந்தன் ஒருவன் நாடகம் எழுதுதலைத் தன் பெருமைக்கு இழுக்காகக் கருதவில்லை. தஞ்சைப் பெரிய கோயிலில், வைகாசித் திருவிழாவில் இராசராசேசுவர நாடகத்தை ஆடுதற்பொருட்டுச் சாந்திக்கூத்தன் ஒருவனுக்கு ஆண்டுதோறும் 120 கலம் நெல் அளக்குமாறு இரண்டாம் இராசேந்திரன் காலத்துக் கல்வெட்டுக் கூறுகின்றது. நடிகன் இரந்துண்பவன் அல்லன், கோயிற்பணி புரிவோருள் ஒருவன் என்பது அதனால் விளங்கும். எனினும், அந்நாடக நூல் நமக்குக் கிடைத்திலது. நெல்லின் அளவு கல்லில் நின்றது. நாடகத்தின் சொற்களோ நடித்தோர் நாவோடு மறைந்தன. நாடகத் தமிழின் துன்பவரலாறு முழுவதும் இவ்வொரு செய்தியில் அடங்குமென்னலாம்.

1891ஆம் ஆண்டு

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் நாடகத் தமிழுக்கு ஒரு விடிவு தோன்றியது. அதன்கண் 1891ஆம் ஆண்டு நினைவுகூரத்தக்கது. அவ்வாண்டிலேதான் சுந்தரம் பிள்ளையவர்களின் மனோன்மணீயம் வெளிவந்தது. அது செய்யுளால் ஆகியது. படித்து இன்புறுதற்கு ஏற்றது. பின்னர், சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் தமிழாசிரியராய் விளங்கிய வி. கோ. சூரியநாராயண சாஸ்திரியார் 1897இல் நாடகவியல் என்னும் இலக்கண நூலை இயற்றினார். ரூபாவதி, கலாவதி முதலிய நாடகங்களையும் எழுதினார். ஒருவர் இலக்கியந் தந்தார்; ஒருவர் இலக்கணந் தந்தார். ஆனால், நாடகம் என்பது ஏட்டில் மட்டும் வாழ்வதன்று. அரங்கமும், நடிகரும், ஒத்திகையும், காண்போரும் கூடியவிடத்தே அது உயிர்பெறும். அவ்வுயிரைத் தருதற்கு முன்வந்தவரே சம்பந்தனார். அவர் தம் நண்பர் எழுவரோடு சென்னையிற் சுகுண விலாச சபையைத் தோற்றுவித்ததும் அதே 1891ஆம் ஆண்டு, ஜூலைத் திங்கள் முதல் நாளில் ஆகும்.

இளமையும் கல்வியும்

சம்பந்தனார் 1873ஆம் ஆண்டிற் சென்னையிற் பிறந்தார். தந்தையார் விஜயரங்க முதலியார் கல்வித்துறையிற் பணியாற்றியவர். தாயார் மாணிக்கவேலு அம்மையார். பல்லாவரத்தை அடுத்த பம்மல் அவர்தம் முன்னோரது ஊர். பழைய செங்கற்பட்டு மாவட்டத்தில் மாகறலும் பம்மலும் ஒருங்கே அடங்கியிருந்தன ஆதலின், தொண்டைநாட்டு மாணவர் அவரைத் தம் நாட்டவர் எனவே உரிமை பாராட்டலாம். அவர் சென்னை மாநிலக் கல்லூரியிற் கற்றுப் பட்டம் பெற்றார். சட்டம் பயின்று வழக்கறிஞர் ஆயினார். 1924 முதல் 1928 வரை சென்னைச் சிறுவழக்கு நீதிமன்றத்தில் நீதிபதியாகவும் அமர்ந்தார்.

வியப்பிற்குரியது யாதெனின், இளமையில் அவருக்குத் தமிழ் நாடகத்தின்மீது விருப்பம் இருந்ததில்லை. ஆங்கில நாடகங்களைக் கற்று மகிழ்ந்த அவர், தமிழ் நாடகங்களை வெறுத்தே ஒதுக்கினார். அக்காலத்துக் கற்றவர் பலரது மனநிலையும் அதுவே. இங்ஙனம் இருக்க, 1891இல் பல்லாரியிலிருந்து கிருஷ்ணமாச்சாரியார் என்பவர் தம் குழுவினரோடு சென்னைக்கு வந்து தெலுங்கு நாடகங்களை நடித்தனர். அக்குழுவினர் கூலிக்கு ஆடுவோர் அல்லர். கற்றறிந்து மதிப்பான தொழில்களில் அமர்ந்திருந்தோர். அவர் நடிப்பைக் கண்டவுடன் சம்பந்தனார் உள்ளத்தில் ஓர் வினா எழுந்தது. தெலுங்கிற் கற்றோர் இதனைச் செய்யக்கூடுமாயின், தமிழில் ஏன் கூடாது? அவ்வினாவின் விடையே அவரது எஞ்சிய வாழ்க்கை முழுவதும் என்க.

ஈண்டு நாம் கருதத்தக்கது ஒன்றுண்டு. அவர் வெறுத்தது நாடகத்தை அன்று. அது கிடந்த நிலையையே. வெறுத்தவற்றை இகழ்ந்து போவார் பலர். அதனைத் திருத்தப் புகுவார் சிலர். சம்பந்தனார் அச் சிலருள் ஒருவர். அப்பொழுது அவருக்கு வயது பதினெட்டே என்பது மாணவராகிய நாம் மறவாது நினைத்தற்குரியது.

சபையும் பயிற்சியும்

1893இல் அவரது முதல் நாடகமாகிய புஷ்பவல்லி அரங்கேறியது. அதன்பின் லீலாவதி சுலோசனா, மனோகரன், சபாபதி முதலாக எண்பதுக்கு மேற்பட்ட நாடகங்களை அவர் எழுதினார். அவற்றுட் பலவற்றில் தாமே தலைமைப் பாத்திரம் ஏற்று நடித்தார். சென்னை விக்டோரியா நகரமண்டபம் சபையின் நடிப்புக்குரிய களமாயிற்று.

சபையார் செய்த மாறுதல்கள் இப்பொழுது எளியனவாய்த் தோன்றலாம். அக்காலத்தில் அவை அரியன. விடிய விடிய நிகழ்ந்த நாடகத்தைச் சில மணிநேர அளவிற்குச் சுருக்கினர். அடிக்கடி கதையை நிறுத்திப் பாடும் பாட்டைக் குறைத்து, உரையாடலை மிகுவித்தனர். கதைக்கு இயைபில்லாத விதூஷகனது கூற்றை விலக்கினர். பன்முறை ஒத்திகை பார்த்த பின்னரே மேடையேறினர். வழக்கறிஞரும் அலுவலரும் ஆசிரியரும் அச்சபையில் வேடந்தாங்கினர். பின்னாளில் நாடறிந்த அரசியல் தலைவராய் விளங்கிய எஸ். சத்தியமூர்த்தி அவர்களும் அவருள் ஒருவர். பட்டம் பெற்றவர் முகத்தில் வண்ணம் பூசி மேடைமீது நின்றபோது, கூத்தாடி என்னும் வசைச்சொல்லின் வலி குன்றத் தொடங்கிற்று.

பெண்பாத்திரங்களையும் அக்காலத்தில் ஆடவரே ஏற்றனர். சம்பந்தனார்க்கு எதிரே தலைவியாகப் பல்லாண்டு நடித்தவர் சி. ரங்கவடிவேலு என்பவர். இருவரும் ஒருவர் நடிப்பை ஒருவர் உணர்ந்து, கண்ணும் இமையும்போல மேடையில் இயங்கினர். ரங்கவடிவேலு 1923இல் மறைந்தமை சம்பந்தனார்க்குப் பேரிழப்பாயிற்று. தம் நாடக மேடை நினைவுகளில் அவர் அந்நண்பரைப்பற்றி எழுதும் பகுதிகள், நடிப்பென்பது தனியொருவன் திறமன்று, இருவர் உள்ளம் ஒன்றுபடுதலால் விளைவது என்பதை நன்கு உணர்த்தும்.

மனோகரன் என்னும் பாத்திரம்

சம்பந்தனாரது நடிப்பின் கொள்கையை அறிதற்கு மனோகரன் நாடகமே தக்கது. அரசன் புருஷோத்தமன் வசந்தசேனை என்பாளது வலையிற் சிக்கி, அரசியாகிய பத்மாவதியைத் துறந்து வாழ்கின்றான். மகன் மனோகரனோ பெருவீரன். தாய்க்கு இழைக்கப்பட்ட இழிவைக் கண்டு அவன் உள்ளம் கொதிக்கின்றது. ஆனால், தந்தைக்கு எதிராகக் கையெடுத்தல் ஆகாது எனத் தாய் தடுத்துள்ளாள். வலிமை உண்டு; வெகுளி உண்டு; பகைவரும் கண்முன்னே உளர். இருந்தும் தாயின் ஒரு சொல் அவனைக் கட்டி நிறுத்துகின்றது.

இப் பாத்திரத்தை நடிப்போன் உரத்துக் கூவினால் மட்டும் போதுமோ? போதாது. கூவுதற்குரிய சினத்தை அடக்கிக்கொண்டு நிற்கும் நிலையையே அவன் காட்டுதல் வேண்டும். கைகள் எழத் துடிக்கும். தாயின் முகம் நோக்கித் தாழும். சொல் நாவின் நுனிவரை வந்து மீளும். காண்போர், இவன் கட்டு எப்பொழுது அறும் என ஏங்கியிருப்பர். கட்டு அறும் பொழுது அரங்கம் அதிரும். அடங்கி நிற்றலே பின்னர்ப் பொங்குதற்கு வலிமை தருகின்றது. இந்நுட்பம் ஏட்டிற் படித்த அளவில் விளங்காது, நடிக்குங்காலே விளங்கும். நாடகத்தை வாய்விட்டுப் படித்தலும் நடித்தலும் கல்வியின் பகுதியே என்பதற்கு இதனினுஞ் சிறந்த சான்று வேண்டுவதில்லை.

பிறநாட்டு விதையும் தமிழ்நிலமும்

ஷேக்ஸ்பியரது நாடகங்களைச் சம்பந்தனார் தமிழாக்கிய முறையும் ஆராயத்தக்கது. ஹாம்லெட் அவர் கையில் அமலாதித்யன் ஆயினான். மக்பெத் மகபதி ஆயினான். சிம்பலின் சிம்மளநாதன் ஆயினான். வெனிஸ் நகர வணிகன் வாணீபுர வணிகன் ஆயினான். ஒலியும் சிதையாமல், நம் செவிக்கும் அயலாகத் தோன்றாமல் பெயரிட்ட திறம் நோக்குக. அமலாதித்யனாக அவரே மேடையில் நின்று நடித்தார். ஆங்கிலங் கற்ற சிலரது நூலகத்தில் அடங்கியிருந்த அந் நாடகங்களைத் தமிழ் மட்டும் அறிந்தாரும் கண்டு கண்ணீர் வடிக்குமாறு செய்தமை அவரது தொண்டு.

அத்தொண்டு கடல்கடந்தும் பரவிற்று. 1911இல் சபையார் இலங்கைக்குச் சென்று நடித்தனர். அங்கே சம்பந்தனாரது நடிப்பைக் கண்டு அவரையே குருவாகக் கொண்டவர் யாழ்ப்பாணத்துக் கலையரசு சொர்ணலிங்கம் ஆவர். அவர் பின்னாளில் ஈழத்து நாடகக்கலையை வளர்த்த பெரியோருள் ஒருவராய் விளங்கினார். பல்லாரியிலிருந்து சென்னைக்கு வந்த ஒரு சுடர், சென்னையிலிருந்து யாழ்ப்பாணத்திற்குச் சென்று மற்றொரு விளக்கை ஏற்றியது.

பேசும்படம்

1931இல் தமிழிற் பேசும்படம் தோன்றியது. அப்பொழுது சம்பந்தனார்க்கு ஏறத்தாழ அறுபது வயது. அவ்வயதிற் புதுத்தொழில் ஒன்றைக் கற்க விரும்புவோர் அரியர். அவரோ அத்துறையினுள்ளும் புகுந்து, படமெடுக்கும் முறைகளை அறிந்தார். 1936இல் மனோகரா படமாக்கப்பட்ட பொழுது, முன்னர் மேடையில் மகனாக நின்ற அவரே தந்தையாகிய புருஷோத்தமனாகத் தோன்றினார். 1941இல் அவரது சபாபதி நகைச்சுவைப் படமாக வெளிவந்தது. 1954இல் மனோகரா மீண்டும் படமாயிற்று, சிவாஜி கணேசன் மனோகரனாகவும், கண்ணாம்பா பத்மாவதியாகவும் நடித்தனர், உரையாடலை மு. கருணாநிதி எழுதினார். பத்தொன்பதாம் நூற்றாண்டில் எழுதிய நாடகம் ஒன்று அறுபதாண்டு கழித்தும் மக்களைக் கவர்ந்தமை அதன் உயிர்வலியைக் காட்டும்.

மேடைக்கும் படத்திற்கும் உள்ள வேற்றுமையும் சிந்தித்தற்குரியது. மேடையில் நிற்பவன் கடைசி வரிசையில் இருப்பவனுக்கும் கேட்குமாறு பேசுதல் வேண்டும். படத்தில் அங்ஙனம் பேசின் மிகையாகும். மேடையில் ஒரு முறை வழுக்கினால் மீட்டல் இல்லை. படத்தில் மீண்டும் எடுக்கலாம். இரண்டனையும் பழகி, தாம் அறிந்தவற்றைப் பேசும்பட அனுபவங்கள் என்னும் நூலாகவும் எழுதி வைத்தார் சம்பந்தனார்.

குறைகளும் ஆராயத்தக்கன

ஒருவரைப் போற்றுமிடத்துக் குறைகளை மறைத்தல் ஆராய்ச்சிக்கு அழகன்று. சம்பந்தனாரது உரைநடை வடசொற்கள் மலிந்தது. தனித்தமிழ் விரும்புவோர் அதனைக் குறைகூறுவர். அவருடைய சபை நகரத்துக் கற்றோர் தம் ஓய்வுநேரத்திற் போற்றியது. வயிற்றுப் பிழைப்பிற்காக ஊர்ஊராகச் சென்ற தொழின்முறை நடிகரது துன்பத்தை அது முற்றும் அறிந்திருந்ததெனல் இயலாது. அதே காலத்தில் சங்கரதாஸ் சுவாமிகள் பாட்டு நிறைந்த நாடகங்களை எழுதி, இளஞ்சிறாரைப் பயிற்றி, நாட்டு மக்களிடையே நாடகத்தை வளர்த்தார். அவரிடம் சிறுவயதிற் பயின்ற டி. கே. சண்முகம் முதலியோர் பின்னர்ப் பெருநடிகர் ஆயினர். சம்பந்தனார் கற்றவரை மேடைக்குக் கொணர்ந்தார். சுவாமிகள் மேடையில் இருந்தாரைக் கற்றவராக்கினார். இருவர் பணியுஞ் சேர்ந்தே இருபதாம் நூற்றாண்டின் நாடகத் தமிழ் ஆயிற்று. சம்பந்தனாரது மனோகரனைச் சண்முகம் சகோதரர் குழுவினரும் நடித்தமை, இவ்விரு நீரோட்டங்களும் கலந்தமைக்குச் சான்றாகும்.

ஆனால், இவ்விரண்டிலும் இடம்பெறாது நின்றவன் ஒருவன் உளன். அவனே நம் ஊர்த் தெருக்கூத்தன். நகரத்து மேடை அவனைப் பழையவன் எனத் தள்ளிற்று. படம் அவனை மறந்தது. கர்ணமோட்சத்தை விடியுமளவும் பாடும் அவனது நாவில் எத்துணை வரிகள் உள! அவற்றை ஏட்டில் எழுதிக் காத்தவர் எத்துணைபேர்? இராசராசேசுவர நாடகத்திற்கு நேர்ந்த அழிவு இவற்றிற்கும் நேர்தல் தகுமோ?

நாம் செய்யத்தக்கது

சம்பந்தனார் மற்றொரு பெருஞ்செயல் புரிந்தார். தாம் நடித்தவற்றோடும் எழுதியவற்றோடும் அமையாது, தம் மேடை அனுபவங்களை நாடக மேடை நினைவுகள் என ஆறு பாகங்களாக எழுதினார். நாடகத் தமிழ் என்னும் நூலையும், நடிப்புக்கலையில் தேர்ச்சி பெறுதற்குரிய வழிகளைக் கூறும் நூலையும் இயற்றினார். நடிப்பு, அரங்கு இருண்டவுடன் மறையுங் கலை. அதனைப்பற்றி எழுதி வைத்தால் அன்றிப் பின்வருவோர்க்கு அது பயன்படாது. இதனை அவர் நன்கு உணர்ந்தார். ராவ்பகதூர் பட்டமும், 1959இற் பத்மபூஷண் விருதும் அவருக்கு அளிக்கப்பட்டன. 1964இல், தொண்ணூற்றொன்றாம் வயதில், அவர் இவ்வுலக வாழ்வை நீத்தார்.

அவரது வாழ்வு நமக்குக் கற்பிப்பது யாது? நாடகம் இழிதொழில் அன்று; கற்று, பயின்று, ஒழுக்கத்தோடு ஆற்றவேண்டிய ஒரு கல்வி என்பதே. ஒரு கலையைக் கற்றவர் கைவிட்டால் அது தாழும்; தாழ்ந்தபின் அதனைக் காட்டிக் கற்றவரே நகைப்பர். அந்நகைப்பிற்குத் தாமும் காரணர் என்பதை அவர் நினையார். சம்பந்தனார் நினைத்தார், ஆதலின் நகைப்பதை விடுத்து நடிக்கச் சென்றார்.

மாணவ அன்பர்காள்! ஆண்டுவிழாவில் ஒருநாள் வேடமிட்டு மகிழ்வதோடு நாம் அமைதல் சாலாது. நாம் பாடமாகக் கற்கும் நாடகங்களை வகுப்பிலே வாய்விட்டுப் பேசி நடித்துப் பார்ப்போமாக. விடுமுறையில் நம்தம் ஊர்க்குச் செல்லுங்கால், அங்குள்ள முதிய கூத்தரை அடுத்து அமர்ந்து, அவர் பாடும் பாட்டையும், கட்டும் ஒப்பனையையும், அடவின் பெயரையும் கேட்டு எழுதுவோமாக. அவரைத் திண்ணையில் நமக்கு ஒப்ப அமர்த்துவோமாக. எழுதுதற்கு வேண்டுவது ஒரு ஏடும் எழுதுகோலுமே. அமர்த்துதற்கு வேண்டுவது மனம் ஒன்றே. இவ்விரண்டையும் செய்வோமாயின், முத்தமிழ் என நாம் கூறுஞ் சொல் பொருளுடையதாகும்.